பேக்ரவுண்ட் செக்கில் வேறொருவரின் வழக்கு என் பெயரில் வந்திருக்கிறது, நமக்கு உரிமை ஏதாவது உண்டா?

கேள்வி, 2025 பிப்ரவரி 8

"அண்ணா, அமெரிக்காவில் எச்-1பி வேலை விசாவில் இருக்கிறேன். புது கம்பெனியில் ஆஃபர் கொடுத்தார்கள், பழைய இடத்தில் நோட்டீஸும் கொடுத்துவிட்டேன். வியாழக்கிழமை ஒரு மெயில் வந்தது. 2021ல் ஜார்ஜியாவில் குடித்துவிட்டு வண்டி ஓட்டிய வழக்கு என் பேரில் இருக்கிறதாம். அட்லாண்டா ஏர்போர்ட்டில் விமானம் மாறியதைத் தவிர நான் ஜார்ஜியாவில் கால் வைத்ததே இல்லை. கடைசிப் பெயர் குமார், அதுதான் வினை என்று நினைக்கிறேன். ரூம்மேட் சொல்கிறான், நாம் சிட்டிசன் இல்லை, நமக்கு இதில் ஒரு உரிமையும் கிடையாது, பேசாமல் அடுத்த வேலையைப் பார் என்று. அப்படித்தானா?"

பிப்ரவரி 8, சனி

அப்படி இல்லை தம்பி. ரூம்மேட் சொன்னதை இந்த நிமிஷமே மறந்துவிடுங்கள்.

இதற்கென்று 1970லேயே அமெரிக்காவில் சட்டம் போட்டாயிற்று. பெயர் நியாயமான கடன் அறிக்கைச் சட்டம், சுருக்கமாக எஃப்.சி.ஆர்.ஏ. பெயரில் கடன் இருக்கிறதே என்று விட்டுவிடாதீர்கள். வேலை கொடுப்பவர் வெளியே ஒரு கம்பெனியை வைத்து எடுக்கும் பேக்ரவுண்ட் செக்கும் இதற்குள்தான் வரும். நுகர்வோர் என்றால் யார் என்பதற்கு அந்தச் சட்டம் தரும் விளக்கம் ஒரே வரி: ஒரு தனிமனிதர். குடியுரிமை, விசா என்ற பேச்சே அதில் இல்லை.

அந்த மெயிலைத் திரும்பத் திறந்து பாருங்கள். ரிப்போர்ட்டின் முழு நகல் ஒன்று, உங்கள் உரிமைகளைச் சொல்லும் தாள் ஒன்று, இரண்டும் இருக்க வேண்டும். ரிப்போர்ட்டைக் காரணம் காட்டி வேலை இல்லை என்று முடிவெடுப்பதற்கு முன்பே இந்த இரண்டையும் கையில் கொடுத்தாக வேண்டும் என்பது சட்டம். ஆக, உங்களுக்கு வந்திருப்பது முடிவு இல்லை, முன்னறிவிப்பு. கதவு இன்னும் திறந்துதான் இருக்கிறது. சட்டப்படி 5 வேலை நாள் உங்களுக்கு உண்டு.

இன்றே இரண்டு இடத்துக்கு எழுதுங்கள். எச்.ஆருக்கு: "இந்த வழக்கில் இருப்பவர் நான் இல்லை, மறுப்பு தாக்கல் செய்கிறேன், அது முடியும்வரை முடிவைத் தள்ளி வையுங்கள்." செக் எடுத்த கம்பெனிக்கு: வழக்கு எண்ணைக் குறிப்பிட்டு மறுப்பு. எதையும் போனில் மட்டும் பேசி விட்டுவிடாதீர்கள். பேச நேர்ந்தால், பேசியதை அன்றைக்கே மெயிலில் எழுதி அவர்களுக்கே அனுப்பிவிடுங்கள்.

இவ்வளவு அடித்துச் சொல்லக் காரணம் எனக்கே இது நடந்தது. நாளை எழுதுகிறேன்.

பிப்ரவரி 9, ஞாயிறு

2018. டாலஸ் பக்கம் ஒரு கம்பெனி. நேர்காணல் நான்கு சுற்று, சம்பளம் பேசியாயிற்று, சேரும் தேதியும் வந்துவிட்டது. பிள்ளையின் பள்ளிக்காக அந்தப் பக்கம் வீடுகூடப் பார்த்துவைத்திருந்தோம்.

என் பெயர் மார்ட்டின். அப்பா பெயர் ஜேம்ஸ். ஊர் நாகர்கோவில். ஊரில் இருந்தவரை நான் ஜே. மார்ட்டின், எந்தக் குழப்பமும் கிடையாது. பாஸ்போர்ட் எடுக்கும்போது அப்பா பெயர் கடைசிப் பெயர் ஆனது. இந்த நாட்டில் எதிலும் கடைசிப் பெயரை முதலில் எழுதிக் கமா போட்டு மற்றதை எழுதுவார்கள், "ஜேம்ஸ், மார்ட்டின்" என்று. அந்தக் கமா எங்கோ ஒரு இடத்தில் விழுந்துபோனால் போதும், நான் ஜேம்ஸ் மார்ட்டின் ஆகிவிடுவேன். ஜேம்ஸ் மார்ட்டின் என்ற பெயரில் இந்த நாட்டில் எத்தனை பேர் இருப்பார்கள் என்று யோசித்துப் பாருங்கள். அவர்களில் ஒருவர் ஒஹாயோவில் ஒரு கவுண்டியில் கடைத் திருட்டு வழக்கில் தண்டனை பெற்றவர். பிறந்த வருடமும் என்னுடையதும் ஒன்று.

எனக்கு முன்னறிவிப்பு எதுவும் வரவில்லை. ஆள் எடுத்த பெண்மணி போன் செய்து, "மன்னிக்கணும், இதோடு நிறுத்திக்கொள்கிறோம்" என்றார். ஏன் என்று மூன்று முறை கேட்ட பிறகுதான் "பேக்ரவுண்டில் ஏதோ" என்றார். நகல் கொடுங்கள் என்று கேட்கவேண்டும் என்றுகூட அப்போது எனக்குத் தெரியாது. மெயில் போட்டுப் போட்டு எட்டாவது நாள்தான் நகல் வந்தது. மூன்றாம் பக்கத்தில் அந்த வழக்கு. பக்கத்தில் சிவப்பில் ஒரு சின்னச் சதுரம், "பரிசீலனைக்கு உரியது" என்று. அந்தச் சதுரம் இன்றைக்கும் என் கண்ணை விட்டுப் போகவில்லை.

இன்னொன்றும் சொல்லவேண்டும். அதற்கு ஒரு வாரம் முன்பே செக் எடுத்த கம்பெனியிலிருந்து எனக்கு ஒரு தபால் வந்திருந்தது. உங்களைப் பற்றிய பொதுப் பதிவு ஒன்றை வேலை கொடுப்பவருக்கு அனுப்புகிறோம், பெறுபவர் இன்னார் என்று சொல்லும் கடிதம். கண்ணாடித்தாள் ஜன்னல் வைத்த வெள்ளை உறை. கிரெடிட் கார்டு விளம்பரம் என்று நினைத்து, மளிகைக்கடைத் தள்ளுபடித் தாள்களோடு சேர்த்து வைத்துவிட்டேன். பிரிக்கவே இல்லை. பிரித்திருந்தால் எச்.ஆர். பார்ப்பதற்கு முன்பே நான் போய்ச் சொல்லியிருக்கலாம். வேலை தேடும் நாட்களில் வரும் ஒரு உறையைக்கூடப் பிரிக்காமல் போடாதீர்கள். ஸ்பேம் பெட்டியையும் தினம் ஒரு முறை பாருங்கள்.

பிப்ரவரி 9, இரவு

நேற்று எழுதியதில் ஒரு தப்பு. "சட்டப்படி 5 நாள்" என்று எழுதிவிட்டேன். சட்டத்தில் 5 என்ற எண் கிடையாது. முடிவெடுக்கும் முன் நகல் கொடுக்கவேண்டும் என்று மட்டும்தான் இருக்கிறது. படித்துப் பதில் சொல்ல நியாயமான அவகாசம் வேண்டாமா என்ற கேள்விக்கு ஃபெடரல் டிரேட் கமிஷன் (இந்தச் சட்டத்தைக் கவனிக்கும் அரசு அமைப்பு) ஊழியர்கள் 1997ல் எழுதிய ஒரு கடிதத்தை வைத்து 5 வேலை நாள் என்பது வழக்கமாகிப்போனது. பல கம்பெனிகள் அதைத்தான் பின்பற்றுகின்றன. ஆனால் அதை நம்பி நான்காம் நாள்வரை உட்கார்ந்திருக்காதீர்கள். முதல் நாளே எழுதுங்கள்.

பிப்ரவரி 11, செவ்வாய்

தம்பி நேற்றுக் காலையிலேயே இரண்டு மெயிலும் அனுப்பிவிட்டார். எச்.ஆர். "பார்க்கிறோம்" என்று பதில் போட்டிருக்கிறார்கள். அப்புறம் இப்படிக் கேட்கிறார்: "நான் இல்லை என்பதை எப்படி நிரூபிப்பது? இல்லாததற்கு ஆதாரம் எங்கே போய்த் தேட?"

நல்ல கேள்வி. எனக்கு வழி காட்டியவர் அந்த ஒஹாயோ கவுண்டியின் கோர்ட் கிளார்க் ஆபீஸில் இருந்த ஒரு வயதான பெண். போனில் வழக்கு எண்ணைச் சொன்னேன். தட்டிப் பார்த்துவிட்டு, "உன் உயரம் என்னப்பா?" என்ற தொனியில் கேட்டார். ஐந்தடி ஆறு அங்குலம் என்றேன். "அப்படியானால் இது நீ இல்லை. சான்றிட்ட நகல் வாங்கிக்கொள், இது இன்னும் பல தடவை உனக்குத் தேவைப்படும்" என்றார். அவர் சொன்னது எவ்வளவு சரி என்பது பிறகு தெரிந்தது.

நகலுக்குப் பக்கத்துக்குச் சில்லறைக் காசு, முத்திரைக்குத் தனியாகச் சில டாலர். ஆறாம் நாள் தபாலில் வந்தது. மூலையில் விரல் வைத்தால் மேடு தட்டும் அழுத்து முத்திரை. உள்ளே குற்றம் சாட்டப்பட்டவரின் விவரம்: உயரம் ஆறடி இரண்டு, முடி பழுப்பு, கண் நீலம். என் மனைவி அதை வாங்கி என் முகத்துக்குப் பக்கத்தில் பிடித்துப் பார்த்தாள். அந்த மாதத்தில் வீட்டில் நாங்கள் சிரித்தது அன்றுதான்.

அந்தத் தாளை, ஓட்டுநர் உரிமத்தின் நகலை, அந்த வருடம் நான் எங்கே இருந்தேன் என்பதற்கு வீட்டு வாடகை ஒப்பந்தத்தை, எல்லாம் சேர்த்து ரசீது திரும்பி வரும் பதிவுத் தபாலில் அனுப்பினேன். இணையத்திலும் மறுப்பு போடலாம். ஆனால் அங்கே இருக்கும் கட்டங்களில் நம் கதை அடங்காது. இரண்டும் செய்யுங்கள். கையெழுத்தோடு திரும்பி வரும் அந்தப் பச்சை நிற ரசீது அட்டையைப் பத்திரமாக வையுங்கள். அவர்களுடைய 30 நாள் கணக்கு அவர்கள் கையில் கிடைத்த நாளிலிருந்துதான் ஓடும்.

30 நாள் என்றால் இதுதான்: மறுப்பு கிடைத்த 30 நாளுக்குள் அவர்கள் இலவசமாகத் திரும்ப விசாரிக்க வேண்டும். தப்பு என்றால் திருத்த வேண்டும். சரிதானா என்று உறுதிப்படுத்த முடியவில்லை என்றாலும் நீக்க வேண்டும். இந்த இரண்டாவதைப் பலர் கவனிப்பதில்லை. தப்பு என்று நீங்கள் முழுமையாக நிரூபித்தால்தான் நீக்குவார்கள் என்பதில்லை, சரி என்று காட்டவேண்டிய பாரம் அவர்கள் மேல்தான்.

இடையில் புதிதாக ஒரு ஆவணம் அனுப்பினால் இன்னும் 15 நாள் எடுத்துக்கொள்ள அவர்களுக்கு அனுமதி உண்டு. அதனால் துண்டு துண்டாக அனுப்பாமல் ஒரே கட்டாக அனுப்புங்கள்.

பிப்ரவரி 12

தம்பிக்கு அதிர்ஷ்டம். கிளார்க் ஆபீஸில் கேட்டதில் கைதான தேதி 2021 டிசம்பர் கடைசி வாரம். அந்த வாரம் தம்பி மதுரையில் அக்கா கல்யாணத்தில் பந்தி பரிமாறிக்கொண்டிருந்தாராம். சென்னை விமான நிலையத்தின் முத்திரை பாஸ்போர்ட்டில் இருக்கிறது, நுழைந்தது ஒன்று, கிளம்பியது ஒன்று. அமெரிக்கச் சுங்க எல்லைத் துறையின் ஐ-94 தளத்தில் பயண வரலாற்றையும் எடுத்துக்கொள்ளச் சொன்னேன். இதைவிடப் பெரிய சாட்சி வேண்டுமா? இதெல்லாம் எனக்குத் தோன்றியதே இல்லை. நம் ஆட்களுக்கு இது நல்ல வழி.

பிப்ரவரி 14, வெள்ளி

பெயர் விஷயத்தைப் பலர் கேட்டிருக்கிறீர்கள், அதனால் கொஞ்சம் விரிவாக.

நமக்குக் குடும்பப் பெயர் என்று ஒன்று கிடையாது. இனிஷியல், பெயர், முடிந்தது. இங்கே உள்ள படிவங்களுக்கு அது புரியாது. பாஸ்போர்ட்டில் முழுப் பெயரையும் முதல் பெயர்க் கட்டத்தில் போட்டுக் கடைசிப் பெயரைக் காலியாக விட்டவர்களுக்கு, அமெரிக்க விசாவில் பெயர் கடைசிப் பெயர் இடத்துக்குப் போய்விடும். முதல் பெயர் இடத்தில் எஃப்.என்.யு. என்று அச்சாகும், "முதல் பெயர் தெரியவில்லை" என்பதன் சுருக்கம். அதை அப்படியே ஓட்டுநர் உரிமத்தில் ஏற்றிக்கொண்டு, ஆபீஸில் "ஃப்னூ" என்று கூப்பிடப்படும் நண்பர் எனக்கு உண்டு. அம்மா அப்பா ஆசையாக வைத்த பெயர் இருக்க, ஒரு மனிதரை இப்படிக் கூப்பிடுவது எனக்குப் பொறுக்காது. பேக்ரவுண்ட் செக்கில் அவருக்கு முதல் பெயர் எஃப்.என்.யு., கடைசிப் பெயர் செல்வம். இதே மாதிரி விசா வாங்கிய எல்லாச் செல்வமும் கம்ப்யூட்டருக்கு ஒரே ஆள்.

என் மனைவி விஷயம் வேறு. அவள் ரிப்போர்ட்டில் "வேறு பெயர்கள்" என்ற தலைப்பில் நான்கு வரி இருந்தது. இனிஷியலோடு ஒன்று, அவள் அப்பா பெயரோடு ஒன்று, என் பெயரோடு ஒன்று, என் அப்பா பெயரோடு ஒன்று. ஏதோ வேஷம் மாற்றித் திரிபவளைப் போல. நான்கு பெயரையும் வைத்துத் தேடுவார்கள், நான்கு பேருடைய வழக்கும் வந்து ஒட்ட வாய்ப்பு உண்டு.

அதனால் பேக்ரவுண்ட் செக் எடுக்க நீங்கள் கொடுக்கும் அனுமதிப் படிவத்தை நிரப்பும்போது அவசரப்படாதீர்கள். நடுப்பெயர் இருந்தால் முழுதாக எழுதுங்கள், ஒற்றை எழுத்தாக வேண்டாம். பாஸ்போர்ட், உரிமம், சோஷியல் செக்யூரிட்டி அட்டை மூன்றிலும் ஒரே எழுத்துக்கூட்டல் இருக்கிறதா என்று பாருங்கள். பெயர் முறையே வேறு என்றால் இரண்டு வரியில் எச்.ஆருக்கு முன்கூட்டியே சொல்லிவிடலாம். நான் இப்போதெல்லாம் சொல்லிவிடுகிறேன்.

கலிபோர்னியா, மினசோட்டா, ஓக்லஹோமா மூன்று மாநிலத்துக்காரர்களுக்குப் படிவத்திலேயே "எனக்கும் நகல் வேண்டும்" என்று ஒரு கட்டம் இருக்கும். டிக் செய்யுங்கள். டெக்சாஸில் எங்களுக்கு அது கிடையாது.

பிப்ரவரி 20

ஒருவர் கேட்டது: "குற்ற வழக்கு எதுவும் இல்லை, முன்னாள் வேலையைத்தான் 'உறுதிப்படுத்த முடியவில்லை' என்று போட்டிருக்கிறார்கள். இதற்கும் மறுப்பு போடலாமா?"

போடலாம். தப்பான எந்தத் தகவலுக்கும் போடலாம். நம்மவர்களுக்கு இதுதான் அதிகம் வருகிறது. கன்சல்டன்சி மூலம் வேலை பார்த்திருப்போம். ரெஸ்யூமேயில் கிளையன்ட் பெயர் பெரிதாக இருக்கும். செக் செய்பவர் கிளையன்டைக் கூப்பிட்டால், "அப்படி ஒருவர் எங்கள் ஊழியர் இல்லை" என்பார்கள். அவர்கள் சொன்னதும் உண்மைதான், சம்பளம் கொடுத்தது கன்சல்டன்சி அல்லவா. படிவத்தில் சம்பளம் கொடுத்தவர் பெயரை எழுதுங்கள், கிளையன்டை விளக்கத்தில் போடுங்கள். கையில் டபிள்யூ-2 தாள்களை (வருடா வருடம் கம்பெனி தரும் சம்பள, வரிக் கணக்கு) எல்லா வருடத்துக்கும் வைத்திருங்கள்.

இந்தியாவில் பார்த்த வேலை என்றால் ரிலீவிங் லெட்டர், ஃபார்ம் 16, பி.எஃப். பாஸ்புக். கம்பெனியே மூடிப்போயிருந்தாலும் இந்த மூன்றும் பேசும்.

இங்கே பல பெரிய கம்பெனிகளின் சம்பளப் பட்டியல் விவரம் ஈக்விஃபாக்ஸ் நடத்தும் 'தி வொர்க் நம்பர்' என்ற தரவுத்தளத்துக்குப் போகிறது. அதில் உங்களைப் பற்றி என்ன இருக்கிறது என்று இலவசமாகக் கேட்டு வாங்கலாம், தப்பு இருந்தால் மறுக்கலாம். வேலை தேட ஆரம்பிக்கும் முன் வாங்கிப் பாருங்கள். என்னுடையதில் ஒரு வேலை முடிந்த தேதி 3 மாதம் முந்தி இருந்தது.

ஒரு எச்சரிக்கை: எச்.ஆரே நேராகப் பழைய மேனேஜரைக் கூப்பிட்டு விசாரித்தால் அது இந்தச் சட்டத்துக்குள் வராது. நடுவில் ஒரு மூன்றாம் கம்பெனி காசு வாங்கி ரிப்போர்ட் கொடுத்தால்தான் வரும்.

மார்ச் 2, ஞாயிறு

"இவ்வளவு பெரிய கம்பெனிகள், பிறந்த தேதியைக்கூடப் பார்க்காமலா அனுப்புவார்கள்?" என்று ஒருவர் நம்ப மறுக்கிறார். ஊர் அறிந்த விஷயத்தையே சொல்கிறேன்.

2011ல் செர்ஜியோ ராமிரெஸ் என்பவர் கலிபோர்னியாவில் கார் வாங்கப் போனார். டிரான்ஸ்யூனியன் கொடுத்த கடன் அறிக்கையில், கருவூலத் துறையின் பயங்கரவாதிகள், போதைக் கடத்தல்காரர்கள் பட்டியலில் இருக்கும் பெயரோடு இவர் பெயர் பொருந்துகிறது என்று வந்தது. அவருக்குக் கார் விற்க மாட்டோம் என்றுவிட்டார்கள். மனைவி பெயரில்தான் வாங்க முடிந்தது. ஒப்பிட்டது முதல் பெயர், கடைசிப் பெயர் மட்டும். இதே கதி 8,185 பேருக்கு. வழக்கு உச்ச நீதிமன்றம்வரை போய், 2021 ஜூனில் 5க்கு 4 என்ற கணக்கில் தீர்ப்பு வந்தது: அந்தத் தப்பு மூன்றாம் ஆளுக்கு அனுப்பப்பட்ட 1,853 பேர்தான் நஷ்டஈடு கேட்கலாம், கம்பெனியின் கோப்பிலேயே கிடந்தவர்கள் கேட்க முடியாது. இந்தத் தீர்ப்பு எனக்கு ஒப்பவில்லை. பயங்கரவாதி என்று ஒரு மனிதனைப் பற்றி எழுதி வைத்திருப்பதே ஒரு தீங்குதான். ஆனால் நமக்கு அதில் ஒரு பிடி இருக்கிறது. வேலைக்கான ரிப்போர்ட் எப்போதுமே மூன்றாம் ஆளுக்கு அனுப்பப்பட்டதுதான்.

வேலை ரிப்போர்ட்டுகளுக்கே வருவோம். 2012ல் ஹயர்ரைட் என்ற பேக்ரவுண்ட் செக் கம்பெனி 26 லட்சம் டாலர் கட்டி ஃபெடரல் டிரேட் கமிஷனோடு சமரசம் செய்துகொண்டது. 2015ல் நுகர்வோர் நிதிப் பாதுகாப்பு அமைப்பு என்ற இன்னொரு அரசு அமைப்பு வேறு இரண்டு பேக்ரவுண்ட் செக் கம்பெனிகள்மேல் நடவடிக்கை எடுத்தது. பாதிக்கப்பட்டவர்களுக்கு 1 கோடியே 5 லட்சம் டாலர், அதற்கு மேல் அபராதம் 25 லட்சம். சொல்லப்பட்ட குறைகளில் ஒன்று: பலருக்கும் இருக்கும் பொதுவான பெயர் வந்தால் எப்படிச் சரிபார்ப்பது என்று எழுத்தில் ஒரு நடைமுறைகூட அவர்களிடம் இல்லை. ஜேம்ஸ், குமார் எல்லாம் அந்த ஒரு வரியில் அடங்கிவிட்டோம்.

மார்ச் 3

"இ-வெரிஃபையும் இதுவும் ஒன்றுதானா?" என்று ஒருவர் கேட்கிறார். இல்லை, இ-வெரிஃபை வேறு. அது அரசாங்கம் நடத்துவது, வேலை செய்ய அனுமதி இருக்கிறதா என்று பார்ப்பது. அதில் பொருந்தவில்லை என்று வந்தால் 8 அரசு வேலை நாளுக்குள் நீங்கள் நடவடிக்கையைத் தொடங்கவேண்டும். அது ஓடிக்கொண்டிருக்கும்போது உங்களை வேலையை விட்டு அனுப்பக் கூடாது. இரண்டையும் குழப்பிக்கொள்ளாதீர்கள்.

மார்ச் 5, புதன்

தம்பிக்கு நேற்று முடிவு வந்துவிட்டது. 22ஆம் நாள். வழக்கு நீக்கப்பட்டது, திருத்திய ரிப்போர்ட் இணைப்பில்.

கம்பெனி சேரும் தேதியை பிப்ரவரி 24லிருந்து மார்ச் 17க்குத் தள்ளி வைத்துக் காத்திருந்தது. இப்படிக் காத்திருக்கவேண்டும் என்று இந்தச் சட்டம் அவர்களைக் கட்டாயப்படுத்தவில்லை. அந்த எச்.ஆர். மனிதருக்கு மனமார நன்றி சொல்லவேண்டும். பழைய வேலை பிப்ரவரி 21ல் முடிந்துவிட்டதால் வேலை முடிந்தபின் எச்-1பிக்காரர் இந்த நாட்டில் இருக்க உள்ள 60 நாள் அவகாசம் ஓட ஆரம்பித்திருந்தது. தம்பி தினமும் நாள் எண்ணிக்கொண்டு சரியாகச் சாப்பிடக்கூட இல்லை என்று எழுதியிருந்தார்.

என்னை உறுத்துவது இந்த இடம்தான். ரிப்போர்ட்டைத் திருத்தச் சட்டம் 30 நாள் கொடுக்கிறது. வேலையைப் பிடித்து வைக்க ஒரு நாளும் கொடுக்கவில்லை. என் விஷயத்தில் 17ஆம் நாளே திருத்திவிட்டார்கள், ஆனால் இடம் பத்தாம் நாளே வேறொருவருக்குப் போய்விட்டது. திருத்திய தாளை நான் அனுப்பியதற்கு அந்தக் கம்பெனி பதில்கூடப் போடவில்லை. அந்த வீட்டை நாங்கள் எடுக்கவும் இல்லை.

அதனால் நோட்டீஸ் கொடுக்கும் விஷயத்தில் ஒன்று சொல்கிறேன்: பேக்ரவுண்ட் செக் முடிந்துவிட்டது என்று எழுத்தில் வரும்வரை இருக்கும் வேலையில் ராஜினாமா வேண்டாம். சேரும் தேதியைப் பேசும்போதே, "செக் முடிந்த நாளிலிருந்து இரண்டு வாரம்" என்று பேசுங்கள். பெரும்பாலும் ஒப்புக்கொள்கிறார்கள்.

மார்ச் 6

நேற்றுச் சொல்ல விட்டது. திருத்தம் ஆனதும் வேலை முடிந்ததாக நினைக்காதீர்கள். கடந்த 2 வருடத்தில் வேலைக்காக உங்கள் ரிப்போர்ட்டை வாங்கியவர்கள் எல்லோருக்கும் திருத்தத்தை அனுப்பச் சொல்லலாம். நீங்கள் கேட்டால்தான் அனுப்புவார்கள். கேளுங்கள்.

அப்புறம், ஒரு கம்பெனி திருத்தினால் மற்றவர்களும் திருத்தியதாக அர்த்தம் இல்லை. இது எனக்குத் தெரிந்தது இரண்டாம் வேலையில். மூன்று மாதம் கழித்து வேறு இடத்தில் ஆஃபர், வேறு செக் கம்பெனி, அதே ஒஹாயோ வழக்கு. வயிறு கலங்கிவிட்டது. ஆனால் இந்த முறை அழுத்து முத்திரையோடு அந்தத் தாள் என் கையில் இருந்தது. காலையில் ஸ்கேன் செய்து அனுப்பினேன், மறுநாள் சாயங்காலம் சரியாகிவிட்டது. அந்தக் கிளார்க் ஆபீஸ் அம்மாவை நினைத்துக்கொண்டேன்.

அசல் தாளை யாருக்கும் கொடுக்காதீர்கள். ஸ்கேன் மட்டும்.

ஏப்ரல் 6, ஞாயிறு

வக்கீல் பற்றி நிறையக் கேள்வி. சொல்கிறேன்.

தெரிந்தே அல்லது பொறுப்பில்லாமல் மீறியிருந்தால், பண நஷ்டத்தைக் காட்ட முடியாவிட்டாலும் 100 முதல் 1,000 டாலர் வரை சட்டமே நிர்ணயித்த தொகை உண்டு, தண்டனைத் தொகையும் கேட்கலாம். கவனக்குறைவு என்றால் உண்மையான நஷ்டம். இரண்டிலும் ஜெயித்தால் வக்கீல் கட்டணத்தை எதிர்த்தரப்பு தரவேண்டும். அதனால்தான் இந்தத் துறை வக்கீல்கள் பலர் முன்பணம் கேட்பதில்லை. என்னைப் பார்த்த வக்கீலும் கேட்கவில்லை. உங்களுடையது நல்ல வழக்கு என்றார். முன்னறிவிப்பு கொடுக்காததற்கு வேலை கொடுக்க மறுத்த கம்பெனி மேல் ஒன்று, வேறு ஆளின் வழக்கை ஒட்டியதற்குச் செக் கம்பெனி மேல் ஒன்று.

நான் போடவில்லை. அப்போது கிரீன் கார்டு வரிசையில் நடுவில் நின்றேன். கோர்ட் என்றாலே பயம். வழக்குப் போட்டவன் என்று பெயர் வந்தால் அடுத்த வேலை கிடைக்குமா என்று வேறு. நுகர்வோராக ஒரு உரிமையைக் கேட்பதற்கும் விசாவுக்கும் சம்பந்தமே இல்லை என்று அவர் பொறுமையாகச் சொன்னார். யோசிக்கிறேன் என்று வந்துவிட்டேன். கிரீன் கார்டு வரட்டும், 5 வருடம் இருக்கிறதே என்று நினைத்துக்கொண்டேன்.

இந்த இழையில் இரண்டு பேருக்குத் தனிச் செய்தியிலும் "5 வருடம் இருக்கிறது" என்றுதான் எழுதினேன். அதைத் திருத்திக்கொள்ளுங்கள். மீறல் உங்களுக்குத் தெரிந்த நாளிலிருந்து 2 வருடம், அல்லது மீறல் நடந்த நாளிலிருந்து 5 வருடம், இதில் எது முந்தியோ அது. எனக்குத் தெரிந்தது 2018ல். 2020லேயே கதவு மூடிவிட்டது. திரும்பப் போய்க் கேட்டபோது அதே வக்கீல் சொன்னார், முகத்தில் வருத்தத்தோடு.

பணத்துக்காகச் சொல்லவில்லை. நான் வழக்குப் போட்டிருந்தால் அந்தக் கம்பெனி கமாவை ஒழுங்காகப் படிக்கக் கற்றுக்கொண்டிருக்கும் என்று இப்போதும் தோன்றுகிறது.

மே 19, திங்கள்

பெயரை மட்டும் வைத்துப் பொருத்துவது சட்டப்படி போதாது என்று நுகர்வோர் நிதிப் பாதுகாப்பு அமைப்பு 2021 நவம்பரில் ஒரு கருத்துரை வெளியிட்டிருந்தது. பலருக்கு அதைத்தான் மறுப்புக் கடிதத்தில் மேற்கோள் காட்டச் சொல்லியிருந்தேன். இந்த மாதம் அந்த அமைப்பு 67 வழிகாட்டல்களை ஒரே அடியாகத் திரும்பப் பெற்றிருக்கிறது, அதில் இதுவும் போய்விட்டது. எனக்கு மிகுந்த வருத்தம்.

ஆனால் கடிதம் வலுவிழக்கவில்லை. மூலச் சட்டத்தின் 607(பி) பிரிவு அப்படியே இருக்கிறது: தகவல் இயன்றவரை மிகத் துல்லியமாக இருக்க நியாயமான நடைமுறைகளைக் கடைப்பிடிக்க வேண்டும். அதை மாற்ற நாடாளுமன்றத்தால்தான் முடியும். கருத்துரை பற்றிய வரியை எடுத்துவிட்டு 607(பி)யை எழுதுங்கள். மாநில அட்டர்னி ஜெனரலிடமும் புகார் கொடுக்கலாம்.

ஆகஸ்ட் 3, ஞாயிறு

தம்பி வேலையில் நன்றாக இருக்கிறார். செக் கம்பெனிமேல் வழக்குப் போடுவதா என்று இன்னும் முடிவெடுக்கவில்லை. ஒரு நாள் சம்பளமும் கைவிட்டுப் போகவில்லையே என்கிறார். மூன்று வாரச் சம்பளம் போயிருக்கிறது தம்பி, தூக்கமும் போயிருக்கிறது. இரண்டும் நஷ்டக் கணக்கில் வரக்கூடியவை. வக்கீலிடம் ஒரு முறை பேசிவிட்டு வேண்டாம் என்றால் வேண்டாம் என்று இருங்கள்.

தெரிந்த நாள் 2025 பிப்ரவரி 6. ஆக 2027 பிப்ரவரிக்குள். காலண்டரில் குறித்துவிட்டு எனக்கு ஒரு வரி எழுதுங்கள். பச்சை ரசீது அட்டை எங்கே இருக்கிறது என்பதையும் பார்த்துக்கொள்ளுங்கள்.